வெஸ்ட்லண்டின் அரை விநாடி

ஜனவரி 5, திங்கள். காலை மணி 6.10. கணக்கு 1–5.

ஒரு வெற்றி, ஐந்து தோல்வி. டேன் வெஸ்ட்லண்ட், வயது முப்பத்தாறு, அமெரிக்கன் ஃபுட்பாலில் போர்ட்டேஜ் நகர அணியின் குவார்ட்டர்பேக். கான்ஃபரன்ஸ் சாம்பியன்ஷிப் என்று அவர்கள் சொல்லும் ஆட்டத்துக்கு ஆறு முறை வந்து ஐந்து முறை தோற்றவர். நம் கணக்கில் அது அரையிறுதி. அதில் ஜெயித்தால் இறுதி ஆட்டம், தோற்றால் வீடு. இந்த வருஷமும் அணி பிளேஆஃப் என்ற நாக்-அவுட் சுற்றுக்கு வந்துவிட்டது. இன்னும் இரண்டு ஆட்டம் ஜெயித்தால் அவருக்கு ஏழாவது அரையிறுதி.

இதை எழுத ஆரம்பித்ததற்குக் காரணம் க்ரெக். அமெரிக்காவில் எங்கள் ஆபீஸின் வாடிக்கையாளரான டிவி நிகழ்ச்சியின் தயாரிப்பாளர். 28ஆம் தேதி என்னை இன்டர்வியூ செய்கிறார்கள், அங்கேயே போய் வேலை பார்க்க. "தினமும் எப்படி வேலை செய்கிறாய் என்று எழுதி வை, அதைப் பற்றிக் கேட்பார்கள்" என்றார். தமிழில் எழுதுகிறேன். தேவையானதை மட்டும் பிறகு மொழிபெயர்த்துக்கொள்ளலாம். டைரி எழுதும் ஆள் இல்லை நான். நேரம் வீண்.

பைக் செயின் தளர்ந்திருக்கிறது. கேஸ் புக் செய்ய வேண்டும்.

ஜனவரி 6, செவ்வாய்

வீட்டு ஓனர் கந்தவேல் தண்ணீர் லாரி விஷயமாக மாடிக்கு வந்தார். வந்தவர் என் லேப்டாப்பைப் பார்த்துவிட்டு நின்றுவிட்டார்.

"ஏனுங் தம்பி, நீங்க என்னதான் வேலை பண்றீங்?"

"அமெரிக்கன் ஃபுட்பால் ஆட்டத்தை எண்றேன்."

"எண்றதுன்னா? கோலையா?"

"கோல் கிடையாதுங்க."

"ஃபுட்பால்ங்கறீங்க, கையில புடிச்சுட்டு ஓடறானுங்களே?"

"எப்பவாச்சும் உதைப்பாங்க."

"எப்பவாச்சும் உதைக்கறதுக்கு இந்தப் பேரா?"

விட மாட்டார் போலிருந்தது. விளக்கினேன். குவார்ட்டர்பேக் என்பவர்தான் பந்தை எறிபவர். பந்து அவர் கைக்கு வந்த கணத்திலிருந்து எதிரணியில் நூற்றிருபது கிலோ ஆட்கள் நான்கு பேர் அவரை நசுக்கப் பாய்கிறார்கள். அதற்குள் முன்னால் ஓடும் தன் ஆளைத் தேடி எறிய வேண்டும். நல்ல ஆளுக்கு இரண்டே முக்கால் விநாடி போதும். முன்னாலேயே எறிந்தால், ஓடுகிறவன் இடத்துக்குப் போய்ச் சேர்ந்திருக்க மாட்டான். தாமதித்தால் எலும்பு உடையும். அந்த நேரத்தை நாங்கள் அளக்கிறோம். வீடியோவை ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்தி எண்ணுகிறோம். விநாடிக்கு முப்பது ஃபிரேம். எண்பத்தொன்று வந்தால் 2.70 விநாடி.

வெஸ்ட்லண்டின் சீசன் சராசரி 2.70. அவருடைய நான்காவது அரையிறுதியில் வெறும் 2.25. மூன்று வருஷத்துக்கு முன் இதைக் கண்டுபிடித்தவன் நான். "வெஸ்ட்லண்டின் அரை விநாடி" என்று க்ரெக்கின் நிகழ்ச்சியில் பேர் வைத்தார்கள். அங்கே டீ ஷர்ட்டில்கூட அச்சடித்து விற்கிறார்களாம். அதற்குப் பிறகுதான் நான் சீனியர் ஆனேன்.

"அப்ப அந்தாளு பெரிய ஆட்டம்னா பயந்துக்கறாப்ல."

"ஆமாங்க."

"பாவம்" என்றார் கந்தவேல். லாரி வியாழக்கிழமைதான் வரும் என்று சொல்லிவிட்டுப் போனார். இருபது நிமிஷம் போயிற்று.

ஜனவரி 9, வெள்ளி

க்ரெக்கின் புது கோரிக்கை: நாங்கள் எண்ணிய கடைசி மூன்று அரையிறுதிகளிலும் எதிரணிக் குவார்ட்டர்பேக் எடுத்துக்கொண்ட நேரமும் வேண்டும். "மற்றவர்கள் எவ்வளவு நிதானமாக இருந்தார்கள் என்று பக்கத்தில் வைத்துக் காட்டலாம்." 23ஆம் தேதிக்குள்.

நல்ல யோசனை. எனக்கே தோன்றியிருக்க வேண்டும். இத்தனை நாள் வெஸ்ட்லண்டை மட்டும்தான் எண்ணினோம், ஏனென்றால் அதைத்தான் கேட்டார்கள்.

ஜனவரி 12, திங்கள்

முதல் சுற்றில் போர்ட்டேஜ் வெற்றி. இன்னும் ஒன்று.

இன்று பழைய ஃபைல்களை எடுத்தோம். எண்ணுவது எப்போதும் ஜோடியாக. ஒருவர் எண்ணியதை மற்றவர் பார்க்காமல் எண்ண வேண்டும், பிறகு ஒப்பிட வேண்டும். என் ஜோடி ஷகிலா. உக்கடத்துக்காரி, ஐந்து வருஷ அனுபவம், வாய் மட்டும் நிற்காது.

"என்ன அரை நொடி சார், உங்க ஆளு இந்தத் தடவையாச்சும் ஜெயிப்பாரா?"

"எனக்கு அவர் ஜெயிச்சா என்ன, தோத்தா என்ன."

"அடப்பாவி. அவரு பேர வெச்சுதான நீ பிழைக்கற."

எதிரணி ஆள், முதல் ஃபைல்: சராசரி அறுபத்தாறு ஃபிரேம். 2.20. அவருடைய சீசன் சராசரி 2.64.

அவரும் அவசரப்பட்டிருக்கிறார். ஆனால் ஜெயித்திருக்கிறார். விசித்திரம்.

ஜனவரி 13, செவ்வாய்

இரண்டாவது ஃபைல், வேறு ஆள்: 2.31. சீசனில் 2.77. மூன்றாவது: 2.25. சீசனில் 2.70.

மூன்று பேரும் ஒரே விகிதத்தில் அவசரப்படுகிறார்கள். ஆறில் ஐந்து பங்கு. மனுஷன் பயப்படுவதில் இத்தனை ஒழுங்கு இருக்காது.

ஷகிலா சாப்பிடப் போன பிறகு ஒரு காரியம் செய்தேன். திரையின் ஓரத்தில் ஆட்டக் கடிகாரம் ஓடும். அது 14இலிருந்து 13க்கு மாறும் வரை எத்தனை ஃபிரேம் என்று எண்ணினேன். முப்பது இருக்க வேண்டும்.

இருபத்தைந்து.

13இலிருந்து 12: இருபத்தைந்து. மறுபடியும் எண்ணினேன். இருபத்தைந்து.

காரணம் புரிந்துவிட்டது, எழுதி வைக்கிறேன். மற்ற எல்லா ஆட்டங்களுக்கும் அணிகளின் பயிற்சியாளர்கள் பார்க்கும் வீடியோ வரும். அது விநாடிக்கு முப்பது. ஆனால் அது செவ்வாய்க்கிழமைதான் கிடைக்கும். அரையிறுதிக்கு மட்டும் க்ரெக்குக்குத் திங்கட்கிழமையே எண் வேண்டும். அதனால் இங்கே வரும் டிவி ஒளிபரப்பைப் பதிவு செய்து எண்ணுகிறோம். இங்கே வருவது விநாடிக்கு இருபத்தைந்தாக மாற்றப்பட்டு வருகிறது. முப்பதால் வகுத்தால் எல்லோரும் அவசரக்காரர்களாகத் தெரிவார்கள்.

புது ஃபைலை ஏற்றும்போது சாஃப்ட்வேர் "விநாடிக்கு எத்தனை ஃபிரேம்?" என்று கேட்கும். கேட்கும்படிதான் செய்திருந்தார்கள். ஒவ்வொரு ஃபைலுக்கும் கேட்கிறதே என்று மூன்று வருஷத்துக்கு முன் அந்தக் கேள்வியை அணைத்து, முப்பது என்று நிரந்தரமாக வைத்தது நான்.

ஜனவரி 14, புதன். போகி.

எல்லோரும் எதையோ எரிக்கிறார்கள். சரவணம்பட்டி முழுக்கப் புகை. பைக் செயின் சரி செய்தேன்.

அவசரக்காரன் என்று வீட்டிலும் ஆபீஸிலும் என்னைச் சொல்லாத ஆள் இல்லை. இந்த முறை அவசரப்படப் போவதில்லை. முழுவதும் சரிபார்த்துவிட்டுத்தான் சொல்வேன். ஒரு ஃபைலில் இரண்டு விநாடியை எண்ணிவிட்டு மூன்று வருஷ வேலை தப்பு என்று சொல்ல முடியாது.

ஜனவரி 16, வெள்ளி

பொங்கலுக்குப் பல்லடம் போய் வந்தேன். இன்று லீவு, ஆபீஸில் யாரும் இல்லை. வசதி.

மூன்று ஃபைல்களிலும் கடிகாரத்தை நாற்பது இடங்களில் எண்ணினேன். எல்லாம் இருபத்தைந்து. வெஸ்ட்லண்டின் உண்மையான நேரங்கள்:

நான்காவது அரையிறுதி: 2.70. அதாவது சீசனில் எப்படியோ அப்படியே. அரை விநாடி என்று ஒன்று இல்லவே இல்லை.

ஐந்தாவது: 3.05.

ஆறாவது: 3.20.

இந்த இரண்டிலும் பந்தை அதிக நேரம் கையில் வைத்திருக்கிறார். நாங்கள் கொடுத்தது 2.54, 2.67. "தேறி வருகிறார், ஆனால் இன்னும் அவசரம்தான்" என்று க்ரெக் நிகழ்ச்சியில் சொன்னது நினைவிருக்கிறது. எறிவதற்குள் பந்தோடு வீழ்த்தப்பட்டது: நான்காவதில் இரண்டு முறை, ஐந்தாவதில் ஐந்து, ஆறாவதில் ஏழு. ஆறாவதில்தான் தோள்பட்டை எலும்பு உடைந்தது.

காரணம் ஆயிரம் இருக்கலாம். முன்வரிசைத் தடுப்பாட்டக்காரர்கள் மோசமாக இருந்திருக்கலாம்.

நான் எண்ண ஆரம்பிப்பதற்கு முன் அவருடைய கணக்கு 1–2.

ஜனவரி 19, திங்கள்

போர்ட்டேஜ் ஜெயித்துவிட்டது. ஏழாவது அரையிறுதி உறுதி. ஆனால் ஒரு சிக்கல். மூன்றாவது கால் பகுதி முடிவில் வெஸ்ட்லண்டுக்கு முழங்காலில் அடி. பிரெட்டன் கேய் என்ற இருபத்து மூன்று வயது மாற்று ஆள் வந்து ஆட்டத்தை முடித்தான். நன்றாகத்தான் ஆடினான். வெஸ்ட்லண்டின் முழங்கால் சாதாரண சுளுக்கு, புதன்கிழமைக்குள் சரியாகிவிடும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

பரிமளம் மேடத்திடம் சொல்லிவிட்டேன். எங்கள் டீம் லீட். ஒவ்வொரு எண்ணும் அவர் சரிபார்த்துக் கையெழுத்திட்ட பிறகுதான் போகும். போன வருஷம் பேஸ்பால் டீமை மூடியபோது எங்களை மூட விடாமல் காப்பாற்றியதும் அவர்தான்.

"மேடம், பழைய ஃபைல்ல ஒரு சின்ன டவுட்."

"பெரிசா கண்ணு?"

"சின்னதுதான்."

"சின்னதுன்னா அரையிறுதி முடியட்டும், பாத்துக்கலாம். இந்த வாரம் எனக்குத் தலைக்கு மேல கெடக்குது. நீ சாப்ட்டயா?"

"சாப்ட்டனுங்க."

ஆக, தகவல் கொடுத்தாயிற்று.

ஜனவரி 21, புதன்

வெஸ்ட்லண்ட் முழுப் பயிற்சி செய்தார். இருந்தும் ஞாயிற்றுக்கிழமை அவரை இறக்குவதா, கேயை இறக்குவதா என்று இன்னும் முடிவு செய்யவில்லை என்று பயிற்சியாளர் சொல்லியிருக்கிறார். நிருபர்கள் ஏன் என்று கேட்டார்கள். "டேன் என் நண்பர். ஆனால் மூன்று அரையிறுதிகளின் எண்களும் என் மேஜை மேல் இருக்கின்றன. எல்லோருக்கும் தெரிந்த எண்கள்தான்" என்றார்.

ஷகிலா கத்தினாள். "தீர்த்தா, இங்க பாரு! உன் நம்பரத்தான் சொல்றாரு. நீ பெரியாளுடா!"

பக்கத்து வரிசையில் கை தட்டினார்கள்.

இன்றும் கடிகாரத்தை எண்ணினேன். அறுபது இடங்கள். இருபத்தைந்து.

ஜனவரி 22, வியாழன்

மெயில் ஒன்று எழுதினேன். பரிமளம் மேடத்துக்கு, க்ரெக்குக்கு நகல். ஏழு வரி. அனுப்பவில்லை. ஆங்கிலம் சரியில்லை. நாளை திருத்தி அனுப்பலாம்.

தண்ணீர் லாரி இன்றுதான் வந்தது. 8ஆம் தேதி வியாழனே வரும் என்று சொல்லியிருந்தார் ஓனர்.

ஜனவரி 23, வெள்ளி

பயிற்சியாளர் அறிவித்துவிட்டார். கேய் இறங்குகிறான்.

எதிரணி எண்களை க்ரெக் கேட்டார். பழைய பதிவுகளின் தரம் சரியில்லை, நம்பி எண்ண முடியவில்லை என்று எழுதினேன். "பரவாயில்லை, வெஸ்ட்லண்டின் எண்ணே போதும்" என்று உடனே பதில் வந்தது.

அணியின் முடிவுக்குப் பல காரணங்கள் இருக்கும். முப்பத்தாறு வயது. முழங்கால். ஒரு எண்ணை வைத்து யாரும் ஒரு ஆளை உட்கார வைக்க மாட்டார்கள். இப்போது சொல்லி ஆகப்போவது ஒன்றுமில்லை, முடிவு எடுத்தாயிற்று. 28ஆம் தேதி இன்டர்வியூவுக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை.

ஜனவரி 24, சனி

கேஸ் வந்தது. துணி துவைத்தேன். இரண்டு நாள் பாக்கி இருக்கிறது, மெயில் அனுப்பினால் அவர்கள் முடிவை மாற்ற இன்னும் நேரம் உண்டு என்று மதியம் தோன்றியது. சாயங்காலம் ஒன்றரை நாள்.

ஜனவரி 26, திங்கள். குடியரசு தினம்.

ஊருக்கே லீவு. எங்களுக்கு இதுதான் வருஷத்தின் பெரிய நாள். அங்கே ஞாயிறு நடந்த ஆட்டம் இங்கே விடியும்போது முடிந்தது, காலை ஏழு மணிக்கு எண்ண உட்கார்ந்தோம்.

போர்ட்டேஜ் ஜெயித்துவிட்டது. 27–20. கேய் இருநூற்றெழுபது யார்டு எறிந்தான். வெஸ்ட்லண்ட் ஆட்டம் முழுக்க ஓரத்தில் தொப்பி போட்டுக்கொண்டு நின்றார். கேய் ஒவ்வொரு முறை வெளியே வரும்போதும் அவன் காதில் ஏதோ சொல்லி அனுப்பினார். கடைசியில் அவனைத் தூக்கிக்கொண்டார்.

பத்து மணிக்குள் கேயின் நேரத்தை அனுப்ப வேண்டும். எண்ணி முடித்தோம். சராசரி அறுபத்தொன்பது ஃபிரேம்.

இதில் இரண்டு வழிதான். வழக்கம்போல முப்பதால் வகுத்தால் 2.30. கேயும் "அவசரப்பட்டு" ஜெயித்திருக்கிறான் என்றாகும். க்ரெக் முட்டாள் இல்லை, ஐந்து நிமிஷத்தில் கேள்வி வரும். இருபத்தைந்தால் வகுத்தால் 2.76. அதுதான் உண்மையும்கூட. உண்மையான எண்ணைக் கொடுப்பதில் தவறு என்ன?

2.76 என்று போட்டேன்.

ஷகிலா டீயைக் கீழே வைத்தாள். மூன்று வருஷம் எண்ணியவர்களுக்கு வாய்ப்பாடு மாதிரி எல்லாம் மனப்பாடம்.

"அறுபத்தொம்பதுக்கு ரெண்டு புள்ளி மூணுதான வரும். ரெண்டே முக்காலு எப்படி வந்துச்சு?"

"இந்த ஃபைல் இருபத்தஞ்சு. மாத்திப் போட்டிருக்கேன்."

"சேனல்ல இருந்து எடுத்ததுதான இது? எப்பயும் எடுக்கற மாதிரிதான?"

அவள் போன வருஷ ஃபைலைத் திறந்தாள். கடிகாரத்தில் வைத்து எண்ணினாள். உதடு மட்டும் அசைந்தது. பிறகு அதற்கு முந்தைய வருஷம். பிறகு அதற்கும் முந்தையது.

"இதுவும் இருபத்தஞ்சு. எல்லாமே இருபத்தஞ்சு, தீர்த்தா."

"தெரியும்."

"எப்ப தெரியும்?"

"இன்னைக்குத்தான்" என்றேன்.

"அப்ப இவனுக்கு மட்டும் மாத்திட்டு, அந்த மனுஷனோடத ஏன் அப்படியே வெச்சிருக்க?"

"மேடம்கிட்ட சொல்லணும். சொல்லிக்கலாம். மணி ஒம்பதே முக்கால், ஷகிலா."

அவள் எழுந்து போய்விட்டாள். பரிமளம் மேடம் கையெழுத்திட்டார். 9.56க்கு அனுப்பினேன்.

ஜனவரி 27, செவ்வாய்

பரிமளம் மேடம் மைசூர்பா வாங்கி வந்தார். க்ரெக்கின் நிகழ்ச்சியில் பெரிய படமாகப் போட்டிருக்கிறார்கள். இடது பக்கம் வெஸ்ட்லண்ட்: 2.25, 2.54, 2.67. வலது பக்கம் கேய்: 2.76. மேலே ஒரே வரி: நிதானம் ஜெயித்தது.

"உன்னாலதான் கண்ணு இந்த டீமே நிக்குது" என்றார் மேடம். என் கையில் இரண்டு துண்டு வைத்தார். தின்றேன்.

ஷகிலா தொடவில்லை. "எனக்குச் சக்கரை" என்றாள். அவளுக்குச் சர்க்கரை கிடையாது.

ஜனவரி 28, புதன்

இன்டர்வியூ நாற்பது நிமிஷம். அந்தப் படத்தையே திரையில் வைத்துக்கொண்டுதான் கேள்வி கேட்டார்கள். "இந்த எண்ணை முதலில் பார்த்தபோது உனக்கு என்ன தோன்றியது?" என்றார் ஒரு அம்மா. உடனே அனுப்ப வேண்டும் என்று தோன்றியது என்றேன். சிரித்தார்கள். அவர்களுக்குப் பிடித்திருக்கிறது. பெரும்பாலும் கிடைத்துவிடும் என்று க்ரெக் தனியாக மெசேஜ் அனுப்பினார்.

டைரி பற்றி யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் இந்தப் பக்கங்களைக் காட்ட முடியாது.

ஜனவரி 30, வெள்ளி

ஷகிலா இடம் மாற்றிக் கேட்டிருக்கிறாள். மேடம் என்னைக் கூப்பிட்டார்.

"என்ன கண்ணு சண்டை?"

"ஒண்ணுமில்லீங்க மேடம்."

"அஞ்சு வருசத்துல அவ இப்படிக் கேட்டதில்ல. காரணம் கேட்டா, தீர்த்தாவையே கேளுங்கங்கறா."

"நான் பேசிக்கறனுங்க."

லிஃப்ட் அருகே அவளைப் பிடித்தேன்.

"மேடம்கிட்ட சொல்லிட்டயா?"

"நான் ஏன் சொல்லணும்? அது உன் வேலை."

"சொன்னா மேடம் கையெழுத்துதான் முதல்ல மாட்டும். டீம மூடிருவாங்க. உனக்கும் சேத்துத்தான் பாக்கறேன்."

"எனக்காகவா? ரொம்ப தேங்க்ஸ்." லிஃப்ட் வந்தது. உள்ளே போய் நின்றுகொண்டு சொன்னாள். "மொதல்ல நடந்தது தப்பு, தீர்த்தா. அதுல நானுந்தான் இருந்தேன். நானும் கடிகாரத்தப் பாக்கல. திங்கக்கிழமை நீ பண்ணியே, அது தப்பில்ல. அதுக்கு வேற பேரு. இனிமே உன்கூட ஜோடியா எண்ண மாட்டேன்."

கதவு மூடியது.

ஜனவரி 31, சனி

வெஸ்ட்லண்ட் ஓய்வு அறிவித்துவிட்டார். இறுதி ஆட்டத்துக்கு இன்னும் எட்டு நாள் இருக்கிறது, அணியோடு இருப்பேன், ஆனால் ஆட மாட்டேன் என்றார். பதினொரு நிமிஷ வீடியோ. மூன்று முறை பார்த்தேன். அவர் சொன்னதை முடிந்தவரை அப்படியே எழுதுகிறேன்.

"நான் அவசரப்படுவதாக எனக்கு ஒருநாளும் தோன்றியதில்லை. அன்று எல்லாம் சரியாகத்தான் எறிந்தேன் என்று வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். பிறகு அந்த எண் வந்தது. யாரோ உட்கார்ந்து எண்ணியிருக்கிறார்கள். என் உடம்பு எனக்குப் பொய் சொல்கிறது என்று புரிந்துகொண்டேன். அடுத்த வருஷம் கோடைக்காலம் முழுக்கப் பந்தைக் கூடுதலாகக் கையில் வைத்திருக்கப் பழகினேன். ஒன்று, இரண்டு, மூன்று என்று என் மகள் பக்கத்தில் நின்று எண்ணுவாள். மூன்று வரும் வரை எறியக் கூடாது. அப்படியும் போதவில்லை. ஆட்டத்தில் மூன்று வருவதற்குள் என்னைத் தள்ளிவிட்டார்கள்."

அந்த இடத்தில் சிரித்தார். தோளைத் தொட்டுக்கொண்டார்.

ஒரு நிருபர் கேட்டார்: "அந்த எண்மீது உங்களுக்குக் கோபம் உண்டா?"

"இல்லை. எண்ணியவர் தன் வேலையைச் செய்திருக்கிறார். எனக்குத்தான் முடியவில்லை."

மெஸ்ஸுக்குப் போகவில்லை. ஓனர் கந்தவேல் மாடிக்கு வந்து, "என்னங் தம்பி, லைட்டே போடாம உக்காந்திருக்கீங்?" என்றார். ஒன்றுமில்லை என்றேன். அவரே ஸ்விட்சைப் போட்டுவிட்டுப் போனார்.

பிப்ரவரி 1, ஞாயிறு

காரணம் ஆயிரம் இருக்கலாம் என்று 16ஆம் தேதி எழுதியிருக்கிறேன். ஒன்றுதான்.

நான் எண்ணியதால் அவர் பந்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். நின்றதால் உடைந்தார். அதையும் நான் எண்ணி, இன்னும் போதாது என்று சொன்னேன். தோற்றது அவர்தான், கணக்கும் அவருடையதுதான், அதில் நான் எதையும் மாற்ற முடியாது. ஆனால் அந்த ஆள் ஏழாவது முறை, தன் உடம்பு சொன்னபடி எறிந்து, ஜெயித்தோ தோற்றோ இருக்கலாம். அதற்குப் பன்னிரண்டு நாள் இருந்தது. அந்தப் பன்னிரண்டு நாளும் நான் கடிகாரத்தை எண்ணிக்கொண்டிருந்தேன். முதல் நாள் மதியமே எனக்குத் தெரியும்.

ஷகிலாவுக்கு போன் செய்தேன். எடுக்கவில்லை. "13ஆம் தேதியே தெரியும்" என்று மெசேஜ் அனுப்பினேன். இரண்டு நீலக் கோடு வந்தது. பதில் இல்லை.

பிப்ரவரி 2, திங்கள். காலை மணி 5.50.

இன்று செய்ய வேண்டியவை:

1. எட்டரைக்கு, மற்றவர்கள் வருவதற்கு முன், பரிமளம் மேடத்திடம் எல்லாவற்றையும் சொல்வது. உட்காரச் சொன்னாலும் நின்றுகொண்டே சொல்வது.

2. மூன்று ஆட்டங்களையும் இருபத்தைந்தால் வகுத்து, எதிரணி ஆட்களின் எண்களோடு ஒரே தாளில் போடுவது. கடிகாரத்தை எண்ணிக் காட்டும் பத்து விநாடி வீடியோவையும் இணைப்பது.

3. ஃபிரேம் கேள்வியை அணைத்தது நான் என்று எழுதுவது. மேடம் நம்பிக் கையெழுத்திட்டார் என்பதையும்.

4. 26ஆம் தேதி நடந்ததைத் தனியாக எழுதுவது. தெரிந்தே செய்தேன் என்று. அந்தப் பத்தியில் "ஆனால்" வரக் கூடாது.

5. இதை க்ரெக்குக்கும், இன்டர்வியூ எடுத்தவர்களுக்கும், போர்ட்டேஜ் அணிக்கும் ஒரே நேரத்தில் அனுப்புவது. ஆங்கிலம் எப்படி இருந்தாலும் சரி.

6. வெஸ்ட்லண்டுக்குத் தனிக் கடிதம். மூன்றே வரி. அன்று நீங்கள் எறிந்தது 2.70. உங்கள் உடம்பு சரியாகத்தான் சொன்னது. தப்பாக எண்ணியவன் நான். கீழே முழுப் பெயர்: ப. தீர்த்தகிரி.

7. அவர் பதில் எழுதினால் முழுவதும் படிப்பது. திருப்பி ஒன்றும் எழுதக் கூடாது.